குமணவுக்குள்ளால் ஒரு பாதை

உகந்தை முருகன் கோயிலைத் தாண்டினால் குமண தேசியப் பூங்கா. கதிர்காமத்துக்கு நடந்து போற எங்களுக்கு அது பூங்கா இல்லை, காடுதான். யுத்தத்தால் 1985இல் மூடப்பட்டு, 2003இல் திரும்பவும் திறக்கப்பட்ட காடு.

நாங்கள் நடக்கிற ஜூன், ஜூலை அங்கே வறட்சிக் காலம். சின்னக் குளங்கள் வற்ற, யானையும் மானும் கும்புக்கன் ஓயாவைத் தேடி வரும். நாங்களும் அதே ஆற்றங்கரையில், மருத மரங்களுக்குக் கீழேதான் சமைக்கிறம், குளிக்கிறம், படுக்கிறம். ஆற்றிலிருந்து வாய்க்கால் வழியாக நீர் பெறும் குமண வில்லுவில் அப்போது நாரையும் கொக்கும் கூடு கட்டியிருக்கும். காட்டுக்குத் தண்ணீர் மிகவும் தேவைப்படுகிற கிழமைகளில்தான் ஆயிரக்கணக்கில் போறம்.

யாத்திரையை நிறுத்துங்கோ என்று நாங்கள் சொல்லேல்ல. பூங்கா எல்லை போட முன்னமே இருந்த வழி அது. ஆனால் அந்தக் காலத்து அடியார்களிடம் பொலித்தீனும் ஷாம்பு பைக்கற்றும் இருக்கேல்ல. யானையைக் கண்டதும் பிள்ளையார் என்று கும்பிடுறம். அந்த யானை குடிக்கிற தண்ணியில் சவர்க்காரம் கரைக்கலாமா?

இந்த முறை போற ஆக்கள், அரிசி பருப்போடு வெறும் பை ஒன்றையும் கட்டுங்கோ. கொண்டுபோற பொலித்தீன் எல்லாம் அதுக்குள்ளே கதிர்காமம் வரைக்கும் வரட்டும்.