டோப்ருக் கட்டு

1/
பிஜி என்ட்ரன்ஸுக்குப் படிக்கிற எல்லாருக்கும் ஒரு பட்டியல் மனப்பாடமாக இருக்கும். எந்த ஸ்பிளின்ட் எந்த எலும்புக்கு என்று. அதில் ஒரு வரி: டோப்ருக் ஸ்பிளின்ட், தொடை எலும்பு முறிவு. நானும் பல வருடம் இதை ஒரு மார்க் கேள்வியாகத்தான் படித்தேன். டோப்ருக் என்பது யாரோ ஒரு வெள்ளைக்கார டாக்டரின் பெயர் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அது ஒரு ஊர். லிபியாவில், மத்தியதரைக் கடலோரத்தில் இருக்கிறது. அந்த ஊர்க் கதைக்குப் போகும் முன் என் கதை ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். கொஞ்சம் நீளமான த்ரெட். கடைசியில் உங்களுக்கான விஷயமும் இருக்கு.

2/
எட்டு வருடத்துக்கு முன்னால். அரசு வேலையில் சேர்ந்த புதிது. ஒரு தாலுகா ஆஸ்பத்திரி, நைட் டியூட்டி. பதினோரு மணிக்கு மேல் ஒரு குட்டி யானை வண்டியின் பின்பக்கம் படுக்க வைத்து ஒரு பையனைக் கொண்டுவந்தார்கள். 24 வயசு. பைக் ஆக்ஸிடென்ட்.

தலையில் அடி இல்லை. வயிறு மிருதுவாக இருந்தது. நல்லா பேசினான். வலது தொடை மட்டும் வீங்கி, கால் குட்டையாகி, பாதம் வெளிப்பக்கம் திரும்பிக் கிடந்தது. தொடை எலும்பு உடைந்திருக்கிறது என்று எக்ஸ்ரே இல்லாமலே தெரிந்தது. தோல் கிழியவில்லை. வெளியே ஒரு சொட்டு ரத்தம் இல்லை.

3/
பிபி 110/70. பல்ஸ் 112. ட்ரிப் போட்டேன், வலிக்கு ஊசி போட்டேன். எங்களிடம் எலும்பு டாக்டர் கிடையாது, ரத்த வங்கி கிடையாது. மெடிக்கல் காலேஜ் 70 கிலோமீட்டர். ரெஃபரல் சீட்டு எழுதி இருபது நிமிடத்தில் ஆம்புலன்ஸ் ஏற்றிவிட்டேன். இவ்வளவு சீக்கிரம் அனுப்பிவிட்டோமே என்று உள்ளுக்குள் ஒரு பெருமை வேற.

காலுக்கு என்ன செய்தேன்? ஒரு தலையணையை அண்டக் கொடுத்து ரெண்டு பேண்டேஜ் சுற்றினோம். அவ்வளவுதான். தாமஸ் ஸ்பிளின்ட் ஸ்டோர் ரூமில் இருந்தது. சாவி பகல் டியூட்டிக்காரரிடம். போன் பண்ணிக் கேட்கலாம் என்று எனக்குத் தோணவே இல்லை.

4/
போய்ச் சேரும்போது பையன் ஷாக்கில் இருந்தான். ரத்தம் ஏற்றினார்கள், எவ்வளவோ பார்த்தார்கள். விடியறதுக்கு முன்னால் போய்விட்டான். அங்கே டியூட்டியில் இருந்தவன் என் பேட்ச்மேட். போனில் ஒரே ஒரு கேள்விதான் கேட்டான். "காலைக் கட்டாமலா மச்சி அனுப்பின?"

பத்து நாள் கழித்து அவன் அப்பா ஏ.ஆர். காப்பி வாங்க வந்தார். கோபமே இல்லை. "பேசிக்கிட்டேதானே சார் வண்டில ஏறினான்" என்றார். நான் பேப்பரில் கையெழுத்து போட்டுக்கொண்டே இருந்தேன், நிமிர்ந்து பார்க்கவில்லை.

5/
தொடைக்குள் என்ன நடந்தது என்று பொதுமக்களுக்குப் புரிகிற மாதிரி சொல்கிறேன்.

நம் உடம்பிலேயே பெரிய எலும்பு தொடை எலும்பு. அதைச் சுற்றி இருக்கும் தசைகளும் உடம்பிலேயே பலமானவை. எலும்பு முழுசாக இருக்கும்வரை அது அந்தத் தசைகளை நீட்டிப் பிடித்திருக்கிறது. உடைந்ததும் தசை சுருங்கி இழுக்கும். உடைந்த ரெண்டு முனையும் ஒன்றின் மேல் ஒன்று ஏறும். நீளமாக இருந்த தொடை உருண்டையாகிவிடும்.

உருண்டையான தொடைக்குள் ரத்தம் தேங்க இடம் அதிகம். ஒரு லிட்டர், ஒன்றரை லிட்டர் உள்ளேயே நிற்கும், வெளியே தெரியாது. வண்டி பள்ளத்தில் இறங்கி ஏறும்போதெல்லாம் கூரான எலும்பு முனை உள்ளே தசையைக் குத்திக்கொண்டே வரும். எலும்பு மஜ்ஜையின் கொழுப்பு ரத்தத்தில் கலந்து நுரையீரலுக்குப் போகும்.

காலை இழுத்து, நீளமாக்கி, அசையாமல் கட்டினால் இவ்வளவும் குறையும். 70 கிலோமீட்டர் ரோட்டில் அந்தப் பையனின் கால் கட்டப்படாமல் ஆடிக்கொண்டே போயிருக்கிறது.

6/
அதன்பிறகு ரொம்ப நாள் கழித்து, மறுபடி அதே பட்டியலைப் படிக்கும்போதுதான் டோப்ருக் என்ற வார்த்தையில் நின்றேன். தேடிப் படித்தேன். அது என்னை 1941-க்குக் கூட்டிக்கொண்டு போனது.

இரண்டாம் உலகப்போர். வட ஆப்பிரிக்கப் பாலைவனம். ஒரு பக்கம் இத்தாலியும் ஜெர்மனியும், இன்னொரு பக்கம் பிரிட்டனும் அதன் கீழ் இருந்த நாடுகளும். சண்டை கிட்டத்தட்ட முழுக்க முழுக்கக் கடலோரமாக ஓடும் ஒரே ரோட்டை ஒட்டித்தான். தெற்கே மணல், வடக்கே கடல். அங்கே எதுவும் விளையாது. தோட்டா, பெட்ரோல், தண்ணி, ரொட்டி எல்லாமே கப்பலில் வந்து துறைமுகத்தில் இறங்கி, லாரியில் போகணும். அதனால் துறைமுகம் யார் கையிலோ அவன் பலசாலி.

7/
ஜெர்மன் தளபதி ரோம்மல் 1941 பிப்ரவரியில் திரிப்போலியில் வந்து இறங்கினார். கிழக்கே எகிப்தை நோக்கி வேகமாக முன்னேறினார். வழியில் இருந்த நல்ல துறைமுகம் டோப்ருக். அது கிடைக்காவிட்டால் அவருடைய லாரிகள் 1,400 கிலோமீட்டருக்கு மேல் பின்னால் இருக்கும் திரிப்போலியிலிருந்தே ஓடி வரணும். சரக்கு கொண்டுவரும் லாரி வழியிலேயே பெட்ரோலைக் குடித்துவிடும்.

டோப்ருக்குக்குள் இருந்தவர்கள் ஊரை விட்டுக்கொடுக்கவில்லை. ஆஸ்திரேலியத் தளபதி மோர்ஸ்ஹெட் தலைமையில் ஆஸ்திரேலியர்கள், பிரிட்டிஷார், கூடவே இந்திய ராணுவத்தின் 18-வது குதிரைப்படை ரெஜிமென்ட். ஏப்ரலில் தரை வழி முழுக்க அடைபட்டது. அந்த முற்றுகை சுமார் 8 மாதம் நீடித்தது.

8/
பொந்துக்குள் இருக்கும் எலிகள் என்று ஜெர்மன் ரேடியோ கேலி செய்தது. அவர்கள் அதையே பட்டப்பெயராக வைத்துக்கொண்டார்கள். ஆஸ்திரேலியாவில் இன்றும் 'டோப்ருக் எலிகள்' என்றால் மரியாதை.

ஆனால் நான் யோசித்தது வேறு. சுற்றிலும் எதிரி. மேலே விமானம். தண்ணிகூட அளந்துதான். அங்கே ஒருத்தனுக்குத் தொடையில் குண்டடி பட்டு எலும்பு உடைந்தால் எங்கே ரெஃபர் பண்ணுவார்கள்?

9/
கடல் வழியாகத்தான். 500 கிலோமீட்டருக்கு மேல் கிழக்கே இருந்த அலெக்சாண்டிரியாவுக்கு.

பகலில் கப்பல் வந்தால் விமானம் குண்டு போடும். அதனால் டிஸ்ட்ராயர் என்ற வேகமான போர்க்கப்பல்கள் இரவில், முடிந்தவரை நிலா இல்லாத நாட்களில் வரும். துறைமுகத்துக்குள் ஏற்கெனவே மூழ்கிய கப்பல்கள் கிடக்கும். விளக்கு போடக்கூடாது. அந்த இருட்டில் சரக்கை இறக்கி, காயம்பட்டவர்களை ஏற்றி, விடிவதற்குள் எவ்வளவு தூரம் முடியுமோ அவ்வளவு தூரம் ஓடிவிடணும்.

சிலுவைக்குறி போட்ட ஆஸ்பத்திரிக் கப்பலுக்கும் பாதுகாப்பு இல்லை. 1941 ஏப்ரலில் வீட்டா என்ற ஆஸ்பத்திரிக் கப்பல் நோயாளிகளோடு கிளம்பும்போதே குண்டுவீச்சில் மாட்டியது. அதிலிருந்த நானூறுக்கும் மேற்பட்ட நோயாளிகளை வாட்டர்ஹென் என்ற ஆஸ்திரேலிய டிஸ்ட்ராயர் மீட்டது. அடுத்த ஜூன் கடைசியில் அந்த வாட்டர்ஹென்னும் குண்டடிபட்டு மூழ்கியது.

10/
இப்போது ஒரு உடைந்த தொடையை இந்த வழியில் யோசித்துப் பாருங்கள். பதுங்குகுழியிலிருந்து ஸ்ட்ரெச்சர். ஸ்ட்ரெச்சரிலிருந்து லாரி. கல்லும் மணலுமான பாதை. ஆஸ்பத்திரி. மறுபடி வண்டி. இருட்டில் படகு. படகிலிருந்து கப்பல். ஆடுகிற கடல். அலெக்சாண்டிரியாவில் மறுபடி இறக்கி, மறுபடி வண்டி. ஆறேழு தடவை ஆறேழு கை மாறும்.

அங்கிருந்த டாக்டர்களிடம் பிளேட், ராடு என்று பெரிய அறுவை சிகிச்சை செய்ய வசதியில்லை. அவர்கள் கையில் இருந்தது பழைய தாமஸ் ஸ்பிளின்டும் மாவுக்கட்டும்.

11/
தாமஸ் ஸ்பிளின்ட் பற்றி ரெண்டு வரி. தொடையின் அடியில், உட்காரும் எலும்பில் முட்டுகிற மாதிரி ஒரு வளையம். அதிலிருந்து காலின் ரெண்டு பக்கமும் இறங்கி பாதத்துக்குக் கீழே சேரும் இரும்புக் கம்பி. காலைப் பட்டையால் இழுத்துக் கீழ்முனையில் கட்டினால், வளையம் மேலே உந்தும், பட்டை கீழே இழுக்கும். கால் நீளமாகி நிற்கும்.

இதைச் செய்த ஹ்யூ ஓவன் தாமஸ் 19-ம் நூற்றாண்டில் லிவர்பூலில் இருந்தவர். அவர் அப்பா வழி எலும்பு கட்டுகிற பரம்பரை. நம்ம ஊர் புத்தூர் கட்டு மாதிரி குடும்பத் தொழில். அவர் இதை முழங்கால் நோய்க்காகத்தான் செய்தார். அவர் காலத்தில் பெரிதாக மதிக்கப்படவில்லை.

முதல் உலகப்போரில் அவருடைய மருமகன் முறையான ராபர்ட் ஜோன்ஸ் இதைப் போர்முனைக்குக் கொண்டுபோனார். தொடை எலும்பு உடைந்தால் பெரும்பாலும் சாவு என்றிருந்த நிலை. 1917-ல் பிரான்சின் அராஸ் போர்முனையில் இந்த ஸ்பிளின்டைப் பரவலாகப் போட்டபோது இறப்பு சுமார் 15 சதவீதமாக இறங்கியது. ஸ்ட்ரெச்சர் தூக்குகிறவர்கள் கண்ணைக் கட்டிக்கொண்டு போடக்கூடிய அளவுக்குப் பழகினார்கள்.

12/
டோப்ருக்கில் அதுவும் போதவில்லை. வழி நெடுக இத்தனை தடவை தூக்கி இறக்கினால் பட்டை தளரும், கால் திரும்பும். இடுப்பிலிருந்து பாதம்வரை முழுசாக மாவுக்கட்டு போட்டால் கனம் தாங்காது, ஸ்ட்ரெச்சரில் கிடத்துவதே கஷ்டம்.

அதனால் ரெண்டையும் சேர்த்தார்கள். காயத்தைச் சுத்தம் செய்து, தைக்காமல் திறந்தே விட்டு, காலைத் தாமஸ் ஸ்பிளின்டில் இழுத்துக் கட்டி, அதன்மேல் கம்பியோடு சேர்த்து மாவுக்கட்டு. காலும் கம்பியும் ஒரே துண்டு. எத்தனை கை மாறினாலும் உடைந்த இடம் அசையாது. கட்டின் மேலேயே பென்சிலால் என்ன அடி, என்றைக்கு அடி என்று எழுதும் பழக்கமும் அந்தப் போரில் இருந்தது. சீட்டு தொலையும், கட்டு தொலையாது.

இதுதான் டோப்ருக் ஸ்பிளின்ட். என்னுடைய ஒரு மார்க்.

13/
ஊர் என்னாச்சு? 1941 டிசம்பரில் முற்றுகை உடைந்தது. ஆனால் 1942 ஜூன் 21-ல் ரோம்மல் டோப்ருக்கைப் பிடித்தேவிட்டார். சுமார் 33,000 பேர் கைதானார்கள். அவருக்கு ஃபீல்டு மார்ஷல் பட்டம் கிடைத்தது. அப்படியே எகிப்துக்குள் எல் அலமெய்ன் வரை போனார். அங்கே பெட்ரோல் இல்லாமல் திணறி, நவம்பரில் தோற்றுத் திரும்பினார். டோப்ருக் மறுபடி பிரிட்டிஷார் கைக்கு வந்தது.

எத்தனையோ பேர் செத்த ஊர். கொடி மாறிக்கொண்டே இருந்தது. அந்தப் போரைப் பற்றி ஒன்றும் தெரியாத தமிழ்நாட்டு டாக்டர்கள் வரைக்கும் அந்த ஊர்ப் பெயர் வந்து சேர்ந்தது இந்தக் கட்டினால்தான்.

14/
எனக்கு இதில் உறைத்தது ஒன்றுதான். அவர்களுக்கு அவசரம் என்னைவிட அதிகம். விடிந்தால் குண்டு விழும். கப்பல் காத்திருக்காது. 'சீக்கிரம் ஏற்றி விடு' என்று சொல்ல எல்லாக் காரணமும் இருந்தது. அப்படியும் கட்டிவிட்டுத்தான் அனுப்பினார்கள்.

எனக்கு அன்றைக்கு யாரும் குண்டு போடவில்லை. பத்து நிமிடம் இருந்தது. நான் ரெஃபர் பண்ணுவதையே வைத்தியம் என்று நினைத்துவிட்டேன். வழியில் நடக்கிறதும் என் வைத்தியம்தான் என்று எனக்கு அப்போது தெரியவில்லை.

ஸ்பிளின்ட் போட்டிருந்தால் அவன் பிழைத்திருப்பான் என்று நான் சத்தியம் பண்ண முடியாது. போடாமல் அனுப்பினேன் என்பது மட்டும் நிஜம்.

15/
அந்த வாரமே ஸ்பிளின்டைக் கேஷுவாலிட்டிக்குக் கொண்டுவந்தோம். ஆனால் உண்மையைச் சொல்கிறேன், எனக்கு அதை ஒழுங்காகப் போடத் தெரியாது. பரீட்சையில் படம் போட்டுக் காட்டியதோடு சரி.

எங்க எம்.என்.ஏ. அண்ணன் ஒருத்தர், ரிட்டயர்மென்ட்டுக்கு ஒரு வருடம் இருந்தது. அவர்தான் சொல்லிக்கொடுத்தார். "வளையம் இறுக்கமா இருக்கக்கூடாது சார், ஒரு விரல் போகணும். பட்டை போடுறதுக்கு முன்னாடியும் பின்னாடியும் பாதத்தைத் தொட்டுப் பாருங்க, சூடு இருக்கணும், நாடி அடிக்கணும்." என் காலிலேயே போட்டுக் காட்டினார். அதன்பிறகு வருகிற ஒவ்வொரு ஹவுஸ் சர்ஜனுக்கும் நான் சொல்லிக்கொடுக்கிறேன். விளக்கை அணைத்துவிட்டும் ஒரு தடவை போடச் சொல்வேன். சிரிப்பார்கள். ஏன் என்று இதுவரை சொன்னதில்லை.

16/
இப்போது உங்களுக்கு. ரோட்டில் ஒருத்தர் விழுந்து, தொடை வீங்கி, கால் கோணிக் கிடந்தால்:

108-க்கு போன் பண்ணுங்கள். ஆம்புலன்ஸில் ஸ்பிளின்ட் இருக்கும், போடத் தெரிந்தவர் இருப்பார்.

வண்டி மோதும் ஆபத்தோ தீயோ இல்லையென்றால் அதுவரை தூக்காதீர்கள். ஆட்டோவில் உட்காரவைத்துக் காலைத் தொங்கவிட்டுக் கொண்டுவராதீர்கள்.

நீங்களாகக் காலை இழுத்து நேராக்க வேண்டாம். அது பழகியவர் வேலை.

வேறு வழியே இல்லாமல் நகர்த்தித்தான் ஆகணும் என்றால், ரெண்டு காலுக்கும் நடுவில் துண்டையோ போர்வையையோ மடித்து வைத்து, உடைந்த காலை நல்ல காலோடு சேர்த்துத் தொடை, முழங்கால், கணுக்கால் பக்கம் கட்டுங்கள். அடிபட்ட இடத்துக்கு நேர் மேலே முடிச்சு வேண்டாம். பலகை மாதிரி ஏதாவது கிடைத்தால் அதில் படுக்க வைத்து, நாலு பேர் ஒரே சமயத்தில் தூக்குங்கள்.

ரத்தம் வெளியே வந்தால் சுத்தமான துணியை வைத்து அழுத்திப் பிடியுங்கள். சோடா, தண்ணி எதுவும் குடிக்கக் கொடுக்காதீர்கள்.

'ரத்தமே வரலை, பேசுறான், ஒண்ணுமில்லை' என்று மட்டும் நினைக்காதீர்கள். என்னிடம் வந்தவனும் பேசினான்.

17/
போன மாதம் ஒரு நைட் டியூட்டி. கட்டிட வேலையில் சாரம் சரிந்து விழுந்தவர், 40 வயசு, அதே வலது தொடை. ஸ்பிளின்ட் போட்டு, ரெண்டு லைன் போட்டு, மெடிக்கல் காலேஜுக்கு போன் பண்ணி ரத்தம் ரெடி பண்ணச் சொல்லி, அப்புறம்தான் ஏற்றினோம். இருபத்தைந்து நிமிடம் ஆனது. அவர் சம்சாரம் "சீக்கிரம் அனுப்புங்க சார், சீக்கிரம் அனுப்புங்க சார்" என்று அழுதுகொண்டே இருந்தார். "கட்டிட்டு அனுப்புறேன்மா" என்றேன்.

நேற்று ரிவியூவுக்கு வாக்கர் பிடித்து வந்திருந்தார். ஸ்பிளின்டைக் காட்டி, "அன்னிக்கு இந்தக் கம்பியைத்தானே சார் போட்டீங்க, வழியெல்லாம் வலியே தெரியலை" என்றார்.

அவர் போன பிறகு அதைத் துடைத்து, கதவுக்குப் பின்னாடி அதன் இடத்திலேயே மாட்டி வைத்தேன். இப்போதெல்லாம் அது ஸ்டோர் ரூமுக்குப் போவதில்லை.