தங்கவயலில் கல் அடுக்கிய கைகள்

2024 ஜூனில், கோலார் தங்கவயலின் 13 கழிவு மேடுகளிலிருந்து மீண்டும் தங்கம் எடுக்கும் திட்டத்துக்குக் கர்நாடக அமைச்சரவை இசைவளித்தது. சுமார் 3 கோடியே 30 லட்சம் டன் மண்ணில் எவ்வளவு தங்கம் மிஞ்சியிருக்கும் என்ற கணக்கு உடனே பேச்சானது. அந்த மண்ணைப் பாதாளத்திலிருந்து மேலே ஏற்றிய கைகளின் தொழில்திறனில் எவ்வளவு மிஞ்சியிருக்கிறது என்று கேட்பார் இல்லை. அந்தக் கேள்வியோடுதான் இவ்வூர் லுத்தரன் சபையாரின் ஆலயத்தைப் பார்க்கிறேன். சுரங்கத் தொழிலாளரின் வரிசை வீடுகளான லைன்களுக்கு நடுவே வளர்ந்த சபையின் ஆலயத்தைக் கோபுரத்தின் உயரத்தாலும் ஜன்னலின் வளைவாலும் அளக்கக் கூடாது. அதை எழுப்பிக் காத்துவரும் உழைப்பே அதன் அளவுகோல் என்பது என் வாதம்.

லைப்சிக் மிஷனிலிருந்து பிரிந்த நேத்தர், மோன் என்ற இரு மிஷனரிகள் 1895இல் அமெரிக்காவின் மிசூரி லுத்தரன் சபைக்காகக் கிருஷ்ணகிரியில் பணி தொடங்கினார்கள். அந்தப் பணி ஆம்பூர் வரை பரவி, இந்திய சுவிசேஷ லுத்தரன் திருச்சபையாக வளர்ந்தது. அதே வட ஆர்க்காடு, சேலம் வட்டாரங்களிலிருந்துதான் ஒப்பந்தக்காரர்கள் சுரங்கத்துக்கு ஆள் பிடித்தார்கள். வந்தவர்களில் பெரும்பாலோர் தலித் மக்கள். அவர்களுக்குக் கிடைத்தது தட்டிக் குடிசை. சாம்பியன் ரீஃப் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே இறங்கியது. ‘ஏர் பிளாஸ்ட்’ என்று தொழிலாளர்கள் அஞ்சிய பாறை வெடிப்பில் மரமுட்டு நொறுங்கும் என்பதால், தாது வெட்டிய வெற்றிடங்களில் கருங்கல் சுவர் எழுப்பினார்கள். உளியும் சுத்தியலும் அங்கே உயிர் காக்கும் கருவிகள். ஒரு கல் சரியாக அமராவிட்டால் பாரம் ஒரே புள்ளியில் குவியும், சுவர் பிளக்கும். இந்தத் திறன் ஊறிய ஊரில், ஆலயத்துக்குக் காணிக்கை தந்ததும் சுரங்கக் கூலிதான்.

எளிய கட்டடத்தில் என்ன கலை இருக்கிறது என்று கேட்கலாம். 1530இன் ஆக்ஸ்பர்க் விசுவாச அறிக்கை, சுவிசேஷம் தூய்மையாகப் போதிக்கப்பட்டு, திருவிருந்தும் ஞானஸ்நானமும் முறைப்படி நடக்கும் விசுவாசிகளின் கூட்டத்தையே சபை என்கிறது. ஆடம்பரத்தை அது கேட்கவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பின், இடிந்த ஜெர்மன் நகரங்களில் ஓட்டோ பார்ட்னிங் 43 அவசர ஆலயங்களை அமைத்தார். மரச் சட்டங்கள் தொழிற்சாலையில் தயாராகி வந்தன. சுவர்களைச் சபையாரே இடிபாட்டுக் கற்களைப் பொறுக்கி எழுப்பினார்கள். 1949இல் எலியல் சாரினன் மினியாபோலிஸில் கட்டிய லுத்தரன் ஆலயம், சிக்கனமான செங்கல் சுவர்களோடே அமெரிக்காவின் தேசிய வரலாற்றுச் சின்னமானது. சிக்கனமாகக் கட்டியதற்கு அங்கே கிடைத்த மரியாதை இங்கே மறுக்கப்படுவதற்கு நியாயம் இல்லை.

வேலையில்லாத ஊரில் கட்டடம் பற்றிய கவலை எதற்கு என்ற கேள்வி இன்னும் கனமானது. 2001 பிப்ரவரி 28இல் சுரங்கம் மூடப்பட்டது. அன்றிலிருந்து ஆயிரக்கணக்கானோர் விடியுமுன் ரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்குப் போய் இரவில் திரும்புகிறார்கள். ஆனால் பழுதுபார்ப்பதும் வேலைதானே? சுண்ணாம்புச் சுவரில் சிமென்ட் பூசினால் ஈரம் உள்ளே தங்கிச் சுவரைத் தின்னும். டெண்டர் எடுப்பவருக்கு அந்தக் கவலை இல்லை. சீக்கிரம் பூசி, பில் வாங்கிவிட்டால் போதும். அன்று ஆள் பிடித்த தரகன் கூலியில் பங்கு தின்றான்; இன்று உள்குத்தகைக்காரன் கொத்தனாரின் நாளை விலை பேசுகிறான். இருவருக்கும் நடுவில் தேய்வது ஒரே கைதான். ஆகவே பழைய ஆலயங்கள், லைன் வீடுகள் ஆகியவற்றின் பராமரிப்பை இவ்வூர்க் கொத்தனார்களிடமே நேரடியாக ஒப்படைக்க வேண்டும். சுரங்கத்தில் கல் கட்டியவர்கள் உயிரோடு இருக்கும்போதே அந்த வித்தையை இளைஞர்கள் பழக வேண்டும். கழிவு மேட்டிலிருந்து வரப்போகும் வருமானத்தில் இதற்கென ஒரு பங்கை ஒதுக்குவது தர்மம் அல்ல, பாக்கி.