பூட்டு கடைசியில்தான் வரும்

லண்டனில் லூயிஷம் என்று ஒரு பகுதி. நம் தமிழர்கள் கட்டிய சிவன் கோயில்கூட அங்கே உண்டு. அந்த ஊர் அரசு மருத்துவமனை நன்றாகத்தான் நடந்துகொண்டிருந்தது. கடனில் மூழ்கியது பக்கத்து வட்டாரத்து மருத்துவமனை நிர்வாகம். அதைச் சரிக்கட்ட, லூயிஷத்தின் அவசர சிகிச்சையையும் பிரசவப் பிரிவையும் சுருக்கிவிடலாம் என்று 2012இல் அரசு நியமித்த நிர்வாகி யோசனை சொன்னார். பக்கத்து வீட்டுக்காரன் வாங்கிய கடனுக்கு நம் தறியை ஜப்தி செய்கிற கதை.

2013 ஜனவரி 26 அன்று ஏறக்குறைய 25,000 பேர் தெருவில் இறங்கினார்கள். டாக்டர்களும் கூடவே நடந்தார்கள். அப்படியும் சுகாதார அமைச்சர் அசையவில்லை. ஊர்க்காரர்களும் உள்ளாட்சி மன்றமும் வழக்குப் போட்டார்கள். பக்கத்து நிர்வாகத்தின் கடனுக்காக லூயிஷத்தைச் சுருக்கும் அதிகாரமே அமைச்சருக்கு இல்லை என்று ஜூலையில் தீர்ப்பு வந்தது. அக்டோபரில் மேல்முறையீட்டிலும் அரசு தோற்றது. மறு வருஷமே அரசு சட்டத்தைத் திருத்திக்கொண்டது. அது வேறு கதை.

ஒன்றைக் கவனியுங்கள். ஆஸ்பத்திரி நிறைய நோயாளிகள் இருந்தபோதே லூயிஷம்காரர்கள் போராடக் கிளம்பிவிட்டார்கள். நம் வெம்பாக்கம் பக்கம் யாரும் மூடுகிறோம் என்று அறிவிப்பதில்லை. டாக்டர் மாற்றலாகிப் போவார், அந்த இடம் காலியாகவே கிடக்கும். எக்ஸ்ரே எடுக்க ஆள் இருக்காது. “செய்யாறு போங்க, காஞ்சிபுரம் போங்க” என்று சீட்டு எழுதித் தருவார்கள். ஜனங்கள் தனியாரிடம் போய்ப் பழகிய பிறகு, “நோயாளியே வர்றதில்லையே” என்று கணக்குக் காட்டுவார்கள். அன்றைக்கு மறியல் செய்து என்ன பயன்?

இதய ஆபரேஷன் வெம்பாக்கத்திலேயே வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அதற்குப் பெரிய ஊர்தான் சரி. ஆனால் பிரசவம், பாம்புக்கடி, குழந்தைக்குக் காய்ச்சல் இவற்றுக்குப் பஸ் ஏற வைக்கக் கூடாது. பஸ் டிக்கெட்டை விடுங்கள். நெசவாளி வீட்டில் புருஷனுக்கு முடியவில்லை என்றால் பெண்டாட்டியும் துணைக்குப் போக வேண்டும். தறியில் பாவு அப்படியே நிற்கும். நெய்தால்தான் கூலி. ‘இலவச சிகிச்சை’ என்று சொல்கிறவர்கள் இந்தக் கணக்கைப் போடுவதே இல்லை.

கிராம சபையில் தெருவிளக்கு, குடிநீர் எல்லாம் கேட்கிறோம். ஆஸ்பத்திரியில் அனுமதிக்கப்பட்ட பணியிடம் எத்தனை, ஆள் இருப்பது எத்தனை என்று யாராவது எழுந்து கேளுங்கள். பதில் வராவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடக் கட்டணம் பத்து ரூபாய்தான். எழுதத் தெரிந்த பிள்ளைகள் இப்போது வீட்டுக்கு வீடு இருக்கிறார்கள்.