லோதி பூங்காவுக்குள் இருந்த ஊர்

தில்லித் தமிழர்களுக்கு லோதி ரோடு என்றதும் தில்லித் தமிழ்க் கல்விக் கழகப் பள்ளி நினைவுக்கு வரும். அடுத்து நினைவுக்கு வருவது லோதி பூங்கா. ஏறத்தாழ 90 ஏக்கர் பரப்புள்ள அந்தப் பூங்காவில் காலைநடைக்கு வருவோரிலும், மர நிழலில் அமர்ந்து தேர்வுக்குப் படிக்கும் மாணவர்களிலும் பெரும்பாலோர் அறியாத செய்தி ஒன்று உண்டு. 1936 வரை அங்கே ஓர் ஊர் இருந்தது. அதன் பெயர் கைர்பூர்.

சையத் மரபைச் சேர்ந்த முகம்மது ஷாவின் கல்லறை, 1517இல் மறைந்த சிக்கந்தர் லோதியின் கல்லறை, படா கும்பத், அதை ஒட்டி 1494இல் எழுந்த மசூதி, ஷீஷ் கும்பத் ஆகியவற்றைச் சூழ்ந்து மக்கள் வாழ்ந்து வந்தனர். 1911 டிசம்பரில் தலைநகர் மாற்றம் அறிவிக்கப்பட்டது. ராய்சினா, மால்ச்சா முதலிய ஊர்களின் நிலங்கள் 1894ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டத்தின்கீழ் அரசின் கைக்குச் சென்றன. கைர்பூரின் முறை சற்றுப் பிந்தி வந்தது. மக்கள் வெளியேற்றப்பட்டு, கல்லறைகளைச் சுற்றிப் புல்வெளி அமைக்கப்பட்டு, 1936 ஏப்ரல் 9 அன்று 'லேடி வெலிங்டன் பூங்கா' திறக்கப்பட்டது. வைஸ்ராய் வெலிங்டன் 1919 முதல் 1924 வரை சென்னை மாகாண ஆளுநராக இருந்தவர். திருவல்லிக்கேணியிலுள்ள லேடி வெலிங்டன் கல்லூரியும் அந்த அம்மையாரின் பெயரைத் தாங்கியதே. 1947இல் பூங்காவின் பெயர் மாறியது. 1968இல் ஜோசப் ஸ்டைன், காரெட் எக்போ ஆகியோரின் திட்டப்படி அது புதிய வடிவம் பெற்றது. வைஸ்ராயின் மனைவி பெயர் நீங்கி மன்னர் குலத்தின் பெயர் வந்தபோதும், ஊரின் பெயர் மீளவில்லை.

ஊர்ப்பெயர்களை ஆராய்பவன் என்ற முறையில் இந்தப் பெயரிலேயே என் மனம் நின்றது. 'பூர்' என்பது காஞ்சிபுரம், விழுப்புரம் ஆகியவற்றில் நாம் காணும் 'புரம்' தான். 'கைர்' என்பதில்தான் சிக்கல். நன்மை எனப் பொருள்படும் அரபுச் சொல்லாக அதைக் கொள்ளலாம். வெற்றிலைக்குரிய காசுக்கட்டியைத் தரும் மரத்தின் இந்திப் பெயராகவும் கொள்ளலாம். உருது எழுத்தில் இவ்விரண்டின் முதலெழுத்தும் வேறு வேறு. ஆயினும் பேச்சு இந்தியில் பலர் நாவில் இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன. ஆகவே, காதால் கேட்டு மட்டும் முடிவு கூற இயலாது. பழைய ஆவணங்களின் எழுத்தையும், அவ்வூராரிடையே வழங்கிய பெயர்க்கதையையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். எழுத்து காப்பகத்தில் கிடைக்கும். கதையைச் சொல்ல ஊரார் வேண்டும்.

பூங்காவுக்குத் தெற்கே, நடந்து செல்லும் தொலைவில் உள்ளது கோட்லா முபாரக்பூர். 1434இல் கொல்லப்பட்ட சையத் மன்னர் முபாரக் ஷாவின் கல்லறையைச் சுற்றி எழுந்த ஊர் அது. கைர்பூரைப் போன்றே ஒரு சையத் மன்னரின் கல்லறை, அதைச் சூழ்ந்த வீடுகள். ஆனால் இந்த ஊர் பிழைத்துக்கொண்டது. கல்லறையைச் சுற்றிக் கடைகளும் மாடிவீடுகளும் நெருக்கி நிற்கின்றன. மின்கம்பிகளுக்கு இடையே குவிமாடத்தைத் தேட வேண்டியுள்ளது. நினைவுச்சின்னப் பாதுகாப்பு நோக்கில் இது பெருங்குறை என்பதை நான் மறுக்கவில்லை. ஆயினும் அங்குள்ள தேநீர்க் கடையில் அமர்ந்து, எந்தச் சந்துக்கு ஏன் அந்தப் பெயர் என்று கேட்டால், விடை சொல்லவும் அந்த விடையை மறுக்கவும் ஆட்கள் இருக்கின்றனர். லோதி பூங்காவில் கல் நன்கு காக்கப்பட்டுள்ளது. அக்கேள்விக்கு விடை சொல்லத்தான் எவரும் இல்லை.

இங்கிலாந்தின் சிற்றூர் ஒன்றின் வரலாற்றை எழுத முனைவோர்க்கு 1086ஆம் ஆண்டின் டூம்ஸ்டே பதிவேடு உண்டு. 1538இல் தொடங்கிய திருச்சபைப் பதிவேடுகள் உண்டு. கூலியாளின் குழந்தைக்கு எந்நாளில் திருமுழுக்கு நடந்தது என்பதைக்கூடப் பல ஊர்களில் அறியலாம். 1899இல் தொடங்கிய விக்டோரியா மாவட்ட வரலாற்றுத் திட்டம் ஊர் ஊராக இன்றும் எழுதப்பட்டு வருகிறது. தன் நாட்டில் சிற்றூர்களின் வரலாறு இவ்வாறு தொகுக்கப்பட்டுக்கொண்டிருந்த அதே காலத்தில்தான், அந்த அரசு இங்கே ஓர் ஊரைப் புல்வெளியாக்கியது. தில்லியின் சின்னங்களை 1916 முதல் 1922 வரை நான்கு தொகுதிகளாகப் பட்டியலிட்ட மௌல்வி ஜாபர் ஹசனின் உழைப்பு ஒப்பற்றது. எனினும் அதன் பொருள் கட்டடங்களே. நில வருவாய்ப் பதிவேடுகளோ நிலமுடையோரின் ஆண்வழி மரபைக் காட்டும். குயவரும் துப்புரவுத் தொழிலாளரும் பெண்களும் அவற்றில் அரிதாகவே தென்படுவர்.

"இல்லாத ஊரின் பெயரை ஆராய்ந்து என்ன பயன்?" என்று ஓர் ஆய்வுக் கூட்டத்தில் என்னிடம் கேட்கப்பட்டது. மேட்டூர் நினைவில்தான் நான் விடை கூறினேன். 1934இல் நிறைவுற்ற அந்த அணையின் நீர்ப்பரப்பில் மூழ்கிய ஊர்களுள் ஒன்று என் பாட்டியின் தாயார் பிறந்த ஊர். நீர் வெகுவாகக் குறையும் ஆண்டுகளில் பண்ணவாடிப் பகுதியில் நந்தி சிலையும் தேவாலயக் கோபுரமும் வெளிப்படும். செய்தித்தாள்கள் படம் வெளியிடும். எங்கள் வீட்டிலோ அவ்வூரின் பெயரை எவரும் சொல்வதில்லை. 'பழைய ஊர்' என்பார்கள். 'பழைய ஊரில் இருந்தபோது' என்று தொடங்கும் பாட்டியின் பேச்சில் கிணற்றுக்கு ஒரு பெயர், மேட்டுக்கு ஒரு பெயர், ஒவ்வொரு வயலுக்கும் ஒரு பெயர் வரும். அப்பெயர்களை நான் அறிந்தது அவர் வாய்மொழியால் மட்டுமே. கைர்பூரை விட்டுச் சென்றோரின் வழியினரும் எங்கோ ஒரு வீட்டில் இத்தகைய பெயர்களைச் சொல்லிக்கொண்டிருக்கக்கூடும். அவர்களைத் தேடுவது மொழியியலின் பணியே என்று கூறினேன். கூட்டம் முழுமையாக ஏற்றதா என்பது வேறு; ஆய்வு தொடர்கிறது.

இப்பதிவைப் படிக்கும் மாணவ நண்பர்களிடம் ஒரு வேண்டுகோள். ரா. பி. சேதுப்பிள்ளை 1946இல் 'தமிழகம் ஊரும் பேரும்' நூலின் வாயிலாக ஊர்ப்பெயர்களுக்குச் செய்ததை, ஊருக்குள் இருக்கும் பெயர்களுக்கு நாம் செய்ய வேண்டியுள்ளது. வரும் விடுமுறையில் ஊருக்குச் செல்லும்போது, வீட்டில் மூத்தவர் ஒருவரோடு அமர்ந்து கிணறு, குளம், களம், வயல், ஒற்றையடிப் பாதை ஆகியவற்றின் பெயர்களைக் கேட்டு எழுதுங்கள். அவர் ஒலிக்கும் விதத்திலேயே எழுதுங்கள்; எழுத்து வழக்குக்குத் திருத்த வேண்டாம். சொன்னவர் பெயரையும் நாளையும் மறவாது குறியுங்கள். ஒரு நோட்டுப் புத்தகமும் ஒரு பிற்பகலும் போதும்.