அம்பு மறைத்த புள்ளி

பழவங்காடி கணபதி கோயிலில் தேங்காய் உடைபடும் சத்தம் அவ்வளவு சுலபத்தில் ஓய்வதில்லை. ராணுவம் பராமரிக்கும் கோயில் அது. பக்கத்துத் தெருவில் ஜன்னலைச் சாத்திக்கொண்டு, ஓய்வுபெற்ற தமிழாசிரியை ஒருவர் வாரத்தில் மூன்று நாள் மாலையில் கம்ப்யூட்டர் முன் உட்காருகிறார். மாணவர்கள், துபாயிலும் பெங்களூரிலும் வளரும் பிள்ளைகள். தமிழ் பேசுவார்கள், படிக்க வராது. பவர்பாயின்ட்டில் ஒரு படம், கீழே ஒரு வரி. ஜூமில் பாடம் நடக்கும்.

ஒரு நாள் வந்த வரி 'பல் விழுந்தது'. துபாய்ச் சிறுவன், வயது ஏழு, 'பல விழுந்தது' என்று படித்தான். திருப்பிப் படிக்கச் சொன்னார். மறுபடியும் 'பல'தான். "புள்ளி வெச்ச எழுத்துடா, கண்ணைத் திறந்து பாரு" என்றார். குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. அடுத்த இரண்டு வகுப்புகளில் பையன் வாயே திறக்கவில்லை.

வகுப்பின் பதிவை ஓட்டிப் பார்த்தபோதுதான் விஷயம் புரிந்தது. மவுஸ் அம்பு சரியாக 'ல்' தலையில் உட்கார்ந்திருந்தது. புள்ளியைக் காணோம். பையன் கண்ணில் பட்டதைத்தான் படித்திருக்கிறான். ஆசிரியைக்கு அது தெரியாமல் போனதில் ஆச்சரியமில்லை. வரியை எழுதியவர் அவர். மனசு படித்துக்கொண்டிருந்தது, கண் அல்ல. (மலையாளச் சந்திரக்கலைக்கும் இந்த ஆபத்து உண்டு. ஆங்கிலத்தில் அம்பு ஒரு எழுத்தின் ஓரத்தை மறைத்தால் பெரும்பாலும் குடி மூழ்காது.)

1968 டிசம்பர் 9 அன்று சான்ஃபிரான்சிஸ்கோவில் டக்ளஸ் எங்கல்பார்ட் மவுஸை மேடையில் இயக்கிக் காட்டினார். திரையில் ஓடிய அடையாளத்துக்கு அவர்கள் வைத்திருந்த பெயர் 'பூச்சி'. மென்லோ பார்க்கில் இருந்த சகா பில் பாக்ஸ்டனும் அதே திரையில் தன் பூச்சியை ஓட்டினார். திரையைப் பகிர்ந்துகொண்ட அன்றே இரண்டு பூச்சிகள்! சுட்டிக்காட்டப் பிறந்த பூச்சி, சுட்ட எதுவும் இல்லாதபோதும் கண்ணெதிரே ஊர்வதுதான் தொல்லை.

பவர்பாயின்ட் ஸ்லைடு ஷோவில் மவுஸ் சில விநாடிகள் அசையாமல் இருந்தால் அம்பு தானே மறையும். கை சும்மா இருந்தால்தானே? கரும்பலகையில் பிரம்பால் வரியைத் தொட்டுத் தொட்டுக் காட்டிப் பழகிய கை. அம்பை ஓடவிட்டுக்கொண்டே இருந்தது. மூஞ்சூறு வாகனனின் தெருவில் இருந்துகொண்டு ஒரு எலியை அடக்க முடியவில்லை.

கன்ட்ரோலும் எச்சும் சேர்த்து அழுத்தினால் அம்பு மறையும், கன்ட்ரோலும் ஏ-யும் அழுத்தினால் திரும்பி வரும் என்பதைப் பேத்தி சொல்லிக்கொடுத்தாள். லிப்ரே ஆபீஸில் ஸ்லைடு ஷோ செட்டிங்ஸிலேயே அம்பு தெரிய வேண்டுமா என்று கேட்டுவிடுகிறார்கள். பி.டி.எஃப். பக்கத்தைக் காட்டும்போது அம்பைத் திரையின் ஓரத்துக்குத் தள்ளிவிட்டுக் கையை எடுத்துவிடுவதுதான் எளிய வழி. ஒரேயடியாக மறைத்துவிடவும் முடியாது. நீளமான பத்தியில் பிள்ளைகள் வரியைத் தவறவிட்டால் பிரம்பு வேண்டியிருக்கிறது.

அடுத்த வகுப்பில் ஆசிரியை அந்தப் பழைய ஸ்லைடையே மறுபடி போட்டார், அம்பு இல்லாமல். பையன் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மெதுவாக, 'பல் விழுந்தது.'

"அன்னைக்குப் புள்ளி மேல என் அம்பு இருந்துதுப்பா. தப்பு என்னுது."

"அப்ப அன்னைக்கும் நான் சரியாத்தானே படிச்சேன், டீச்சர்?"

"ஆமா" என்றார்.