கணவரின் ஆசனத்தில்

நமக்கு 42 வயது பூர்த்தியான வருஷத்தில் நாம் செய்த மகத்தான தேகப்பயிற்சி எது என்று நேயர்கள் கேட்டால், மாடிப்படி ஏறினோம் என்றுதான் சொல்ல வேண்டியிருக்கும். அதையும் பாதியில் ஒரு தடவை நின்று இளைப்பாறித்தான் ஏறினோம். ஆகையால், அதே வயதில், இரண்டு குழந்தைகளுக்குத் தாயாரான ஒரு ஸ்திரீ 1988ஆம் வருஷத்து ஸியோல் ஒலிம்பிக்கில் ஆடி வெண்கலப் பதக்கம் பெற்றார் என்று அறிந்தபோது, முதலில் நாம் நம்பவில்லை. பிறகு வெட்கப்பட்டோம்.

அந்த அம்மையாரின் பெயர் ஸினாயிதா துர்ச்சினா. அவர் ஆடியது ஹாண்ட்பால். கைப்பந்து என்று தமிழில் எழுதினால் நம்மவர்கள் வாலிபாலை நினைத்துக்கொள்வார்களாதலால் ஆங்கிலப் பெயரையே வைத்துக்கொள்வோம். 40 மீட்டர் நீளமும் 20 மீட்டர் அகலமும் உள்ள களத்தில் பக்கத்துக்கு ஏழு பேர். பந்தைப் பிடித்தவர் அதனுடன் மூன்றடிக்கு மேல் வைக்கக் கூடாது. தட்டாமல் மூன்று விநாடிக்கு மேல் கையில் வைத்திருக்கவும் கூடாது. கோலுக்கு முன்னாலுள்ள 6 மீட்டர் எல்லைக்குள் கோல் காப்பவரைத் தவிர வேறொருவரும் காலூன்றலாகாது. எனவே, எறிகிறவர்கள் கோட்டுக்கு வெளியிலிருந்து துள்ளி, அந்தரத்தில் இருந்தபடியே எறிகிறார்கள். அந்த மூன்று விநாடிக்குள் பந்தை யாருக்குக் கொடுப்பது என்று தீர்மானித்து ஆட்டத்தை நடத்துவதே துர்ச்சினாவின் வேலை.

அவரை ருஷ்ய வீராங்கனை என்று நாமும் வெகு நாள் எண்ணியிருந்தோம். அது பிசகு. அவர் 1946ல் பிறந்தது உக்ரேனிலுள்ள கீவ் நகரில். ஸோவியத் கொடியின் கீழ் ஆடினார் என்பதால் ஊர் மாறிவிடுமா? அந்நியர் கொடியின் கீழ் ஹாக்கி ஆடி ஜயித்த நாட்டாருக்கு இதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை.

நிற்க. இகோர் துர்ச்சின் என்பவர் கீவில் பள்ளிச் சிறுமிகளுக்கு இந்த ஆட்டத்தைக் கற்பித்து வந்தார். அச்சிறுமிகளில் ஒருத்தி ஸினாயிதா. 1965ல் குருவையே மணந்தார். அந்தச் சிறுமிகளிலிருந்து வளர்ந்த ஸ்பார்ட்டக் கீவ் என்னும் குழு 1969 முதல் 1988 வரை இருபது வருஷம் ஸோவியத் பட்டத்தை விட்டுக்கொடுக்கவில்லை. ஐரோப்பியக் கோப்பையைப் பதின்மூன்று தடவை வென்றது. 1976ல் மான்ட்ரீல் நகரில் பெண்கள் ஹாண்ட்பால் முதன்முதலாக ஒலிம்பிக்கில் இடம் பெற்றபோதும், 1980ல் மாஸ்கோவிலும் ஸோவியத் குழுவுக்கே தங்கம். அந்தக் குழுவுக்கும் பயிற்சியாளர் துர்ச்சின்தான். ஆக, அம்மையாருக்கு வீட்டிலும் அவர், களத்திலும் அவர், கடல் கடந்து போனாலும் அவர்!

துர்ச்சினுடைய கண்டிப்பு பிரசித்தமானது. குழம்பில் உப்பு சற்றுக் கூடுதல் என்று நாம் ஒரு தடவை சொன்னதற்கு நமது கிருகலக்ஷ்மி மூன்று நாள் மௌன விரதம் பூண்டாள். ஆட்டத்தில் ஒரு பந்து தவறியதற்காகப் பலர் முன்னிலையில் அதட்டல் வாங்கிவிட்டு, அதட்டியவருடனேயே வீடு திரும்ப வேண்டிய வாழ்க்கை எப்படியிருந்திருக்கும்? இந்த ஏற்பாட்டை நாம் மெச்சவில்லை. வெற்றிகள் குவிந்தன என்பதற்காக அதை நியாயம் என்று சொல்லவும் நமக்கு மனம் வரவில்லை.

1991 முடிவில் ஸோவியத் ராஜ்யமே கலைந்தது. ஸ்பார்ட்டக் குழு வென்று வந்த பட்டப் பந்தயமும் அதோடு போயிற்று. 1993 நவம்பர் மாதத்தில் குழு ஓர் ஐரோப்பியப் பந்தயத்துக்காக ருமேனியாவின் தலைநகரான புக்கரெஸ்ட்டுக்குச் சென்றிருந்தது. அங்கே ஆட்டத்தின்போதே துர்ச்சினுக்கு மாரடைப்பு வந்தது. அவர் உயிருடன் ஊர் திரும்பவில்லை.

அவருக்குப் பின் குழுவின் பயிற்சிப் பொறுப்பை ஏற்றுக்கொண்டவர் ஸினாயிதா துர்ச்சினா.

ஆடுகிறவருக்கு ஒரு சௌகரியம் உண்டு. இந்தப் பந்து தவறினால் அடுத்த பந்தில் ஈடு செய்யலாம். துக்கமிருந்தால் ஓடி மறக்கலாம். பயிற்சியாளருக்கு அது கிடையாது. கோட்டுக்கு வெளியே உட்கார்ந்து, தம் கையால் எறிய முடியாத பந்துகளைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். முப்பது வருஷ காலம் அந்தப் பக்கத்திலிருந்து எழுந்த குரலுக்குக் காது கொடுத்து ஆடியவர், இப்போது அந்தக் குரலின் இடத்தில் அமர்ந்தார். 1988க்குப் பிறகு ஐரோப்பியக் கோப்பை கீவுக்குத் திரும்பவில்லை. அவர் காலத்திலும் திரும்பவில்லை. கோப்பைக் கணக்கு மட்டும் பார்க்கிறவர்கள் இதை ஒரு குறையாக எழுதக்கூடும். நாம் அப்படி எழுதப் போவதில்லை.

2000ல் சர்வதேச ஹாண்ட்பால் சம்மேளனம் அவரை நூற்றாண்டின் தலைசிறந்த வீராங்கனையாகத் தேர்ந்தெடுத்தது. இந்தக் கட்டுரையை அந்தச் செய்தியோடு முடித்து நமது கிருகலக்ஷ்மியிடம் படித்துக் காட்டினோம்.

"பட்டமும் பதக்கமும் இருக்கட்டும். அவர் போன பிறகு, முதல் நாள், அதே இடத்தில் போய் உட்கார்ந்தாளே, அதைச் சரியாக எழுதினீர்களா?" என்று கேட்டாள்.

மறுபடி மேலே போய், பேனாவை எடுத்து, அந்தப் பகுதியை மட்டும் திருத்தி எழுதினோம். மாடிப்படியில் இந்தத் தடவை நிற்கவில்லை.