ஊர்காவற்றுறையின் சபாநாயகர்

யாழ்ப்பாணத்தில் முன்னாளில் வழக்கறிஞரை இரு பெயரால் வழங்கினர். உறுதி எழுதி, வழக்குக்கான பத்திரங்களை ஆயத்தம் செய்பவர் பிரக்கிராசி. மன்றில் எழுந்து வாதிடுபவர் அப்புக்காத்து. அப்புக்காத்தின் முதல் அவருடைய நாவே. 1874 இல் வேலணையிற் பிறந்த வைத்திலிங்கம் துரைசுவாமி இத்தகைய ஓர் அப்புக்காத்து. பேசிப் பெயர்பெற்ற அவர், தம் வாழ்வில் எய்திய மிக உயர்ந்த பதவியோ பேசாதிருக்க வேண்டிய பதவியாக அமைந்தது.

அக்காலத்துத் தமிழ் அரசியலில் வழக்கறிஞர் மலிந்திருந்தமை வியப்பன்று. ஆட்சியாளரின் மொழியும் ஊராரின் வழக்கும் ஒருங்கே அறிந்தவர் அவரே. தேசவழமைக்குட்பட்ட காணிகளும் அவற்றின் எல்லைப் பிணக்குகளும் ஊர்தோறும் அவருக்குக் கட்சிக்காரரைத் தேடித் தந்தன. கட்சிக்காரர் பின்னர் வாக்காளரானது இயல்பான மாற்றமே. துரைசுவாமி 1921 முதல் சட்டநிரூபண சபையிலே வட மாகாணத்தின் பிரதிநிதியாக இருந்தார்.

டொனமூர் அரசியற்றிட்டம் வயதுவந்தோர் அனைவருக்கும் வாக்குரிமை அளித்து, இனவாரிப் பிரதிநிதித்துவத்தை ஒழித்தது. அத்திட்டம் முழுச் சுயராச்சியத்தை வழங்கவில்லை என்று யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் 1931 ஆம் ஆண்டுத் தேர்தலைப் புறக்கணித்தது. யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, பருத்தித்துறை, ஊர்காவற்றுறை ஆகிய நான்கு தொகுதிகளிலும் ஒருவரேனும் வேட்புமனுச் செய்யவில்லை. 1934 இல் இடைத்தேர்தல்கள் நடைபெறும்வரை அந்நான்கு ஆசனங்களும் வெறுமையாகவே கிடந்தன.

1936 இல் ஊர்காவற்றுறைத் தொகுதி துரைசுவாமியை அரசாங்க சபைக்கு அனுப்பிற்று. சபை அவரைத் தன் சபாநாயகராகத் தெரிந்தது. பின்னர் 'சேர்' பட்டமும் வந்தது. அதே ஆண்டிலேதான் மந்திரிமார் அனைவரும் சிங்களவராயமைந்த மந்திரிசபையும் தோன்றியது. ஏழு நிர்வாகக் குழுக்களாகச் சபை பிரிவதும், ஒவ்வொரு குழுவும் தெரிந்த தலைவர் மந்திரியாவதும் அன்றைய முறை. ஏழு குழுக்களிலும் பெரும்பான்மை பெறும்வகையில் உறுப்பினரைப் பகிர்ந்து வைத்தால் ஏழு மந்திரிகளும் ஓரினத்தவராவர். இக்கணக்கை வகுக்கத் துணைநின்றவர் கணிதப் பேராசிரியரான சி. சுந்தரலிங்கம் என்பது பலரும் எழுதிய செய்தி. தமிழர் ஒருவர் கணக்குப் போட, மற்றொரு தமிழர் சபைக்குத் தலைமை தாங்க, மந்திரிசபையில் மட்டும் தமிழர் எவரும் இலராயினர்!

'ஸ்பீக்கர்' என்ற ஆங்கிலச் சொல்லுக்குப் பேசுபவர் என்பது பொருள். மக்கள் சபையின் கருத்தை அரசனிடம் எடுத்துரைத்தவர் என்பதனால் வந்த பெயர் அது. சபைக்குள்ளே அவர் விவாதத்திற் கலந்துகொள்வதில்லை. பிரித்தானியாவிலும் சபாநாயகரைத் தெரிந்த தொகுதிக்கு இக்குறை உண்டு. ஆயினும் அறுநூறுக்கு மேற்பட்ட தொகுதிகளில் ஒன்று மௌனமாயிருப்பது வேறு. வட மாகாணத்துக்கிருந்த ஐந்து ஆசனங்களுள் ஒன்று மௌனமாயிருப்பது வேறு. நெடுந்தீவும் நயினாதீவும் எழுவைதீவும் கடல் கடந்து அனுப்பிய குரல் பதினொரு ஆண்டுகள் ஒழுங்குப் பிரச்சினைகளுக்குத் தீர்ப்பளிப்பதில் அடங்கிற்று.

1944 மே மாதத்திலே ஜே. ஆர். ஜயவர்த்தன கொண்டுவந்த மொழித் தீர்மானம் விவாதிக்கப்பட்டது. சிங்களத்தை அரசகரும மொழியாக்கக் கோரிய அதனுள் தமிழையும் சேர்க்கும் திருத்தத்தைக் கிழக்கிலிருந்து வந்த வி. நல்லையா முன்மொழிந்தார். திருத்தத்துடன் தீர்மானம் நிறைவேறியது. வாதிடும் ஆற்றலில் சபையில் எவருக்கும் இளையாத வேலணையார், ஆசனத்திலிருந்து வாக்கெடுப்பை நடத்தினார்.

அவர் பதவியை மறுத்திருந்தால் மந்திரிசபை மாறியிராது. ஒரு வாக்கினால் அந்தக் கணக்குப் பிழைத்துவிடாது. அவரைக் குறைகூறுவோர் இதனை மறத்தலாகாது. ஆனால் தோற்கும் வழக்கிலும் வாதம் பதிவேட்டில் ஏறவேண்டும் என்பதை அப்புக்காத்து ஒருவருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. மேன்முறையீடு அப்பதிவிலிருந்தே எழுவது. 1944 ஆம் ஆண்டின் இறுதியில் சோல்பரி ஆணைக்குழு வந்தபோது ஐம்பதுக்கு ஐம்பது கோரி ஜீ. ஜீ. பொன்னம்பலம் வாதிட்டார். ஊர்காவற்றுறை சபையில் வாதிட்டதாக எடுத்துக்காட்டப் பதிவேட்டில் ஏதும் இருக்கவில்லை. நடுநிலை என்பது அவர் தம் கையிலிருந்து கொடுத்த விலையன்று. அவரைத் தெரிந்த தீவகத்தார் கொடுத்த விலை.

அதே தொகுதி, 1963 இடைத்தேர்தலில் முற்றிலும் வேறான ஒரு வழக்கறிஞரைத் தெரிந்தது. கரம்பனைச் சேர்ந்த வி. நவரத்தினம், தமிழரசுக் கட்சியைத் தொடக்கிய நாள்முதல் அதனுடன் நின்றவர். 1965 இல் அக்கட்சி டட்லி சேனநாயக்கவின் அரசாங்கத்தில் இணைந்தது. 1968 இல் ஆட்பதிவுச் சட்டமூலம் வந்தபோது, அது குடியுரிமையற்ற மலையகத் தமிழரைப் பாதிக்குமென்று நவரத்தினம் தம் கட்சியின் முடிவையும் மீறி எதிர்த்தார், கட்சியிலிருந்து நீக்கப்பட்டார். பின்னர் தமிழர் சுயாட்சிக் கழகத்தை அமைத்தார். அவருடைய வாதம் பதிவேட்டில் ஏறியது. 1970 ஆம் ஆண்டுத் தேர்தலிலோ ஊர்காவற்றுறை வாக்காளர் அவரைத் தோற்கடித்துத் தமிழரசுக் கட்சியின் கா. பொ. இரத்தினத்தைத் தெரிந்தனர். அவர் அப்புக்காத்துமல்லர், பிரக்கிராசியுமல்லர், தமிழ்ப் பண்டிதர்.